சென்னையில் அமைதியான நேரம் யாருக்குக் கிடைக்கிறது?

கேள்வி: 2 மார்ச் 2025, இரவு 9.40

"அன்றாட வாழ்வின் சின்னச் சின்ன நேரங்களில் அழகைக் காணுங்கள்" என்று வார இதழ்களிலும் வாட்ஸ்அப்பிலும் எழுதுகிறவர்கள் எந்தப் பேட்டையில் குடியிருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள விரும்புகிறேன். நான் பெரம்பூரில் இரண்டு அறை வீட்டில் ஐந்து பேருடன் இருக்கிறேன். வேலை வேளச்சேரியில். விடியற்காலை தண்ணீர் மோட்டார், அடுத்துப் பால் வண்டி, ஆறு மணிக்கு மாமியாரின் தொலைக்காட்சி, ஏழு மணிக்குத் தெருவே ஹாரன். கைப்பேசியில் ஒலி அளக்கும் செயலியை ஏற்றிப் பார்த்தேன். நான் விழித்திருக்கும் எந்த நேரத்திலும் அது அறுபதுக்குக் கீழே இறங்கவில்லை. பால்கனியும் வேலைக்கு ஆளும் உள்ளவர்களுக்கு அழகு தெரியும், மற்றவர்களுக்கு அடுத்த வேலைதான் தெரியும் என்பது என் கருத்து. மறுப்பவர்கள் ஒரு நாளில் ஒரே ஒரு நேரத்தைக் காட்டுங்கள். ஊட்டியும் ஏலகிரியும் வேண்டாம், சென்னைக்குள்ளேயே காட்டுங்கள்.

குறிப்பு: 2 மார்ச், இரவு 11.15

எனக்கும் பால்கனி கிடையாது. மயிலாப்பூரில் மாட வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் முதல் மாடி. கணக்கு எழுதும் வேலை, வீட்டில் நான்கு பேர். நான் காட்டுவது குடம் நிரம்பும் நேரம்.

2019 கோடையில் பூண்டி, சோழவரம், புழல், செம்பரம்பாக்கம் ஆகிய நான்கு ஏரிகளும் வறண்டு போய், எங்கள் தெருவுக்குத் தண்ணீர் லாரி எப்போது வரும் என்பதே ஊர்ப் பேச்சாக இருந்த மாதங்களில்தான் அதைக் கவனிக்கத் தொடங்கினேன். பிளாஸ்டிக் குடத்தில் தண்ணீர் விழும்போது ஒலி முதலில் தாழ்ந்து கனத்துக் கேட்கும். பாதிக்கு மேல் மெலிந்து உயரும். கழுத்தை நெருங்கியதும் விறுவிறுவென்று ஏறும். தண்ணீர் ஏற ஏற மேலே எஞ்சியிருக்கும் காற்றின் உயரம் குறைகிறது, அது குறையக் குறையச் சுருதி கூடுகிறது. கழுத்துப் பகுதி குறுகலாக இருப்பதால் கடைசியில் அந்த ஏற்றம் வேகமாக நிகழ்கிறது. தெருக் குழாயடியில் நின்ற பெண்கள் அனைவரும் முதுகைக் காட்டிக்கொண்டு பேசிக்கொண்டிருந்தபடியே, சரியான கணத்தில் திரும்பிக் குடத்தை நகர்த்தி அடுத்ததை வைத்தார்கள். ஒரு சொட்டு வெளியே போகவில்லை. அவர்களுக்கு அது பழக்கம். அருகில் நின்று கேட்ட எனக்கு அது அழகாக இருந்தது. தண்ணீர் இல்லாத ஊரில், நூறு பேர் வரிசையில் நிற்கும் இடத்தில்தான் அதைக் கேட்டேன்.

குறிப்பு: 3 மார்ச், காலை 6.10

செயலியைப் பற்றிச் சொல்ல மறந்தேன். 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல், இரவில் 45 டெசிபல் என்று வரம்பு விதிக்கின்றன. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி நூறு மீட்டர் வரை அமைதி மண்டலம், அங்கே பகலில் 50, இரவில் 40. நீங்கள் அளந்த அறுபது சட்டப்படியே அதிகம், அதைப் பற்றிய உங்கள் கோபம் நியாயமானது. அழகு தெரிந்தால் ஹாரன் கேட்காது என்று நான் சொல்லமாட்டேன்.

ஆனால் அந்த எண்ணை மட்டும் வைத்து முடிவு செய்யவும் எனக்கு மனம் வரவில்லை. 2020 மார்ச் இறுதியில் ஊரடங்கு வந்தபோது எங்கள் சந்து நான் பிறந்ததிலிருந்து கேட்டிராத அளவுக்கு ஓசையற்றுப் போனது. நண்பகலில் அடுத்த தெருவில் ஒருவர் தாளிப்பது கேட்டது. அந்த ஓசையின்மையில் எனக்கு ஒரு நிமிடம்கூட நெஞ்சு இளகவில்லை. ஆம்புலன்ஸ் வருகிறதா என்றே காது காத்திருந்தது. ஆகவே டெசிபல் இறங்குவது ஒன்று, மனம் எதையாவது பார்க்க ஓய்ந்திருப்பது வேறொன்று. முதலாவதற்கு விதி உண்டு. இரண்டாவதைப் பற்றித்தான் இங்கே பேச விரும்புகிறேன்.

குறிப்பு: 7 மார்ச், இரவு

இன்னொரு நேரத்தையும் காட்டலாம் என்று தோன்றியது. டிகாக்‌ஷன் இறங்கும் நேரம்.

எங்கள் வீட்டுப் பித்தளை ஃபில்டர் மேலடுக்கு, கீழடுக்கு, குடைபோன்ற அழுத்தி, மூடி என்ற நான்கு பாகங்கள் கொண்டது. மேலடுக்கின் அடியில் ஊசித் துளைகள் இருக்கும். பொடியைப் போட்டு, குடையால் மெதுவாக அமர்த்தி, கொதித்து அடங்கிய தண்ணீரைச் சுற்றி ஊற்ற வேண்டும். அதிகம் அழுத்தினால் இறங்காது, அழுத்தாமல் விட்டால் கலங்கிய தண்ணீர் சடசடவென்று ஓடிவிடும். சரியாக அமர்ந்திருந்தால் முதலில் சில துளிகள் வேகமாக விழுந்து, பிறகு இடைவெளி நீண்டுகொண்டே போகும். சிக்கரி கலந்த பொடியானால் இன்னும் மெதுவாக இறங்கும். துளை அடைத்துக்கொண்டிருந்தால் அடுப்புத் தணலில் மேலடுக்கின் அடியைக் காட்டி எடுப்பது எங்கள் வீட்டு வழக்கம்.

இந்த வேலையில் முடுக்குவதற்கு இடமே இல்லை. ஃபில்டரைத் தட்டினால் பொடி வரும், டிகாக்‌ஷன் வராது. ஒவ்வொரு நாளும் காலை ஐந்தேகாலிலிருந்து ஏறக்குறைய கால் மணி நேரம் நான் ஒன்றும் செய்யமுடியாதவளாக அடுப்படியில் நிற்கிறேன். பால் இன்னும் ஏற்றவில்லை, மகளை எழுப்பும் நேரம் வரவில்லை. அப்போது சன்னலுக்கு வெளியே எதிர்வீட்டுத் தண்ணீர்த் தொட்டியின் மேல் இரண்டு மைனாக்கள் வந்து உட்காருகின்றன, வானம் சாம்பலிலிருந்து வெளுக்கிறது, கோயில் பக்கமிருந்து பூக்கூடைக்காரர்களின் பேச்சு வருகிறது. இவை எல்லா நாளும் இருப்பவைதான். அந்தக் கால் மணி நேரம் இல்லையென்றால் நான் பார்த்திருக்கமாட்டேன்.

இங்கே எனக்குப் புரிந்த ஒன்றை எழுதிவிடுகிறேன். நம் வீடுகளில் அழகைப் பார்க்கும் நேரம் வேலைக்கு வெளியே ஓய்வாகக் கிடைப்பது அரிது. வேலைக்கு நடுவே, அந்த வேலை தன் வேகத்தில் நடந்து முடியும்வரை நாம் காத்திருக்க வேண்டிய இடைவெளியாகக் கிடைக்கிறது. குடமும் ஃபில்டரும் அந்த வகை.

குறிப்பு: 8 மார்ச்

கேட்டவர் "எங்கள் வீட்டில் டீத்தூள், குக்கர், மிக்ஸி, இவற்றில் எங்கே இடைவெளி" என்று எழுதியிருக்கிறார். நல்ல கேள்வி. குக்கர் விசிலை எண்ணிக்கொண்டு நிற்பதை நானும் இடைவெளியாகக் கொள்ளமாட்டேன். எண்ணிக்கை தவறினால் பருப்பு குழைந்துவிடும் என்பதால் காது அங்கேயே கட்டுண்டு கிடக்கும். பானையில் உலை வைத்துச் சோறு வடித்த காலத்தில் கொதி வரும்வரை ஒரு பொழுது இருந்தது. வசதி வந்ததால் வேலை குறைந்தது உண்மை, எனக்கும் குக்கர் வேண்டும். குறைந்த நேரம் எங்கே போயிற்று என்பதுதான் தெரியவில்லை. பெரும்பாலும் கைப்பேசிக்குப் போயிருக்கும்.

குறிப்பு: 9 மார்ச், பிற்பகல்

கோலத்தைப் பற்றி இன்னொருவர் எழுதியிருப்பதால் இதைச் சேர்க்கிறேன்.

சிறுவயதில் நான் எழுந்திருக்கும்போது வாசலில் கோலம் போட்டு முடிந்திருக்கும். அம்மா போடுவதைப் பார்த்தது மார்கழியில்தான், அந்த மாதத்தில் எங்களையும் எழுப்பிவிடுவார். வாசலைப் பெருக்கித் தண்ணீர் தெளித்து, ஈரம் சற்று உறிஞ்சியபின் தொடங்குவார். நீர் நின்றால் மாவு கரையும், முழுக்கக் காய்ந்தால் காற்றில் பறக்கும். கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவே மாவை எடுத்து, தரையைத் தொடாமல் ஒரு விரற்கடை உயரத்திலிருந்து விடுவார். நடுவிரல் அந்த ஓட்டத்தைத் தடுத்தும் விட்டும் கோட்டின் பருமனை முடிவு செய்யும். சிக்குக் கோலத்தில் புள்ளிகளைச் சுற்றி வளைந்து செல்லும் கோடு எங்கெங்கோ போய்த் தொடங்கிய இடத்துக்கே வந்து சேரும்போது, அவர் கையை உயர்த்திவிட்டு ஒரு கணம் அப்படியே குனிந்த நிலையில் பார்த்துக்கொண்டிருப்பார். நடுவில் சாணிப் பிள்ளையாரின் மேல் பறங்கிப்பூ வைப்பது எங்கள் வேலை.

அந்தக் கோட்டின் ஒழுங்கு கணினி அறிவியலுக்கும் பொருளாகியிருக்கிறது. தாம்பரம் சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் கிஃப்ட் சிரோமணியும் இராணி சிரோமணியும் கமலா கிருத்திவாசனுடன் சேர்ந்து 1974-இல் வெளியிட்ட ஆய்வில், கோல வடிவங்களை விதிகளால் படிப்படியாக உருவாக்கக்கூடிய ஒரு பட மொழியாக எடுத்துக்கொண்டு இலக்கணம் அமைத்தார்கள். வாசலில் குனிந்திருக்கும் ஒருத்தியின் விரலில் அத்தனை விதிகளும் இருக்கின்றன என்பது எனக்கு மிகுந்த மகிழ்ச்சி தரும் செய்தி.

ஆனால் எழுதும்போதே ஒரு தயக்கம் வருகிறது. அழகாக இருந்தது யாருக்கு? போர்வைக்குள்ளிருந்து எழுந்துவந்து முடிந்த கோலத்தைப் பார்த்த எனக்கா, நாலரை மணிக்குத் துடைப்பத்துடன் தெருவில் இறங்கிய அம்மாவுக்கா? என் குழந்தைப் பருவத்தின் அமைதியான காலைகள் அனைத்தும் வேறொருவர் விழித்திருந்து உண்டாக்கியவை. கேட்டவரின் கோபம் இந்த இடத்தைத்தான் தொடுகிறது என்று நினைக்கிறேன். குடம், ஃபில்டர் என்று நான் எழுதியதை இந்த வெளிச்சத்தில் மறுபடி பார்க்க வேண்டும்.

குறிப்பு: 12 மார்ச்

அம்மா இப்போது குரோம்பேட்டையில் என் தம்பி வீட்டில் இருக்கிறார். நேரில் போய்க் கேட்டேன். கேள்வியை விளக்குவதற்கே நேரமாயிற்று. கோலம் போடுவது பிடித்திருந்ததா, தொல்லையாக இருந்ததா என்று கடைசியில் நேராகக் கேட்டுவிட்டேன்.

பிடித்திருந்தது என்றார். ஏன் என்றதற்கு, "அந்த நேரத்துலதான்மா யாரும் என்னைக் கூப்பிட மாட்டாங்க" என்றார். வீட்டுக்குள் இருந்தால் மாமனாருக்கு வெந்நீர், எங்களுக்குத் தலை பின்னல், அப்பாவுக்குச் சட்டை. கோலம் போடுகிறவளைக் குறுக்கே கூப்பிடக்கூடாது என்பது மட்டும் எப்படியோ எல்லோருக்கும் பழகியிருந்தது. கையில் மாவு இருக்கும்வரை அவர் யாருக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை. அதனால் சில நாள்களில் தேவைக்கு அதிகமாகவே புள்ளி வைத்ததாகவும் சொன்னார்.

உடனே இன்னொன்றையும் சொன்னார், அதை விட்டுவிட்டு எழுதினால் நேர்மையாகாது. மார்கழிக் கோலங்கள் அவருக்குப் பிடிக்கவே பிடிக்காது. எதிர்வீட்டில் எத்தனை புள்ளி, வண்ணம் உண்டா, விடிவதற்குள் முடிந்ததா என்ற போட்டியில் இடுப்புவலிதான் மிஞ்சியதாம். நான் நினைவில் வைத்துப் போற்றிய கோலங்கள் அவர் வெறுத்தவை. அவர் விரும்பியவை ஐப்பசியிலும் ஆனியிலும் யாரும் பார்க்காமல் போட்ட சின்னக் கோலங்கள். அவற்றில் ஒன்றைக்கூட நான் பார்த்ததில்லை.

ஆகவே 7-ஆம் தேதிக் குறிப்பில் எழுதியதோடு இதைச் சேர்த்துப் படியுங்கள். காத்திருக்கும் இடைவெளி மட்டும் போதாது. அந்த இடைவெளியில் நம்மை யாரும் கூப்பிடாதிருக்க வேண்டும். ஐந்தேகால் மணிக்கு என் வீட்டில் மற்றவர்கள் தூங்குகிறார்கள் என்பதால்தான் எனக்கு மைனா தெரிகிறது. அதே ஃபில்டரை எட்டு மணிக்குப் போட்டால் டிபன் டப்பா மட்டுமே தெரியும்.

குறிப்பு: 30 மார்ச்

பெரம்பூரிலிருந்து வந்து பீச் நிலையத்தில் மாறிப் பறக்கும் ரயிலில் வேளச்சேரி போவதாக எழுதியிருக்கிறீர்கள். அந்தப் பாதை எனக்கும் பழக்கம். 1995-இல் பீச்சிலிருந்து சேப்பாக்கம் வரை தொடங்கி, 1997-இல் திருமயிலைக்கு வந்து, 2007-இல் வேளச்சேரியை எட்டிய பாதை அது. பெரும்பகுதி பக்கிங்காம் கால்வாயின் மேலும் கரையிலும் தூண் நட்டுக் கட்டியது. கால்வாயை நெரித்த அந்தக் கட்டுமானத்தின் மேல் எனக்கு மனக்குறை உண்டு. ஆயினும் அங்கே பயணம் செய்கிறவர்களுக்கு ஒரு நல்ல பொழுதும் அமைந்திருக்கிறது.

பசுமைவழிச் சாலை நிலையம் தாண்டியதும் கோட்டூர்புரத்துக்கு முன்னால் ரயில் அடையாற்றைக் கடக்கிறது. அதுவரை இரண்டு பக்கமும் சுவரும் மொட்டைமாடியும் துணிக்கொடியுமாக நெருங்கி வந்தது சட்டென்று விலகி, வெளிச்சம் பெட்டிக்குள் அகலமாக விழுகிறது. சக்கரத்தின் ஒலியும் மாறுகிறது. கீழே ஆறு பெரும்பாலும் கறுத்த நிறத்தில், நாற்றத்துடன்தான் இருக்கும், அதை மறைக்க வேண்டியதில்லை. ஓரச் சேற்றில் கொக்குகள் நிற்கும், சில நாள் நீர்க்காகம் ஒன்று சிறகை விரித்து உலர்த்திக்கொண்டிருக்கும். சில நொடிகளில் பாலம் முடிந்துவிடும். காலை வண்டியில் அந்த நொடிகளில் மட்டும் பலர் கைப்பேசியிலிருந்து தலையை நிமிர்த்துவதைப் பார்த்திருக்கிறேன். ஒருவர் நிமிர்ந்ததைப் பார்த்து இன்னொருவர் நிமிர்வதில்லை, வெளிச்சம் மாறியதும் தாமாக நிமிர்கிறார்கள்.

இது உங்கள் வழியிலேயே இருக்கிறது. வீட்டில் இடைவெளி கிடைக்காதவர்களுக்கு இந்த ஊரில் ரயில்தான் இடைவெளி என்று பல பெண்கள் என்னிடம் சொல்லியிருக்கிறார்கள். மகளிர் பெட்டியில் உட்கார இடம் கிடைத்தால் பூக்கட்டுவார்கள், கீரை ஆய்வார்கள், சிலர் ஒன்றும் செய்யாமல் வெளியே பார்த்துக்கொண்டு வருவார்கள். அந்த மூன்றாவது வகையினரைச் சோம்பேறிகள் என்று யாரும் சொல்லாத ஒரே இடம் அது.

குறிப்பு: 5 ஏப்ரல்

ஆமை நடையைப் பற்றி ஒருவர் கேட்டிருந்தார். சனவரி முதல் மார்ச் வரையிலான இரவுகளில் நீலாங்கரைக்கும் பெசன்ட் நகருக்கும் இடையே கடற்கரையில் நடந்து, பங்குனி ஆமைகளின் முட்டைகளைப் பாதுகாக்கும் வேலையை 1988 முதல் மாணவர்கள் செய்து வருகிறார்கள். ஓர் இரவு நானும் போனேன். நூறுக்கு மேற்பட்ட முட்டைகளை இட்டு மூடிவிட்டு, தாய் ஆமை தன் உடலை இடமும் வலமும் சாய்த்து மணலைத் தட்டித் தட்டிக் கெட்டிப்படுத்தியது. அந்தத் தட்டல் என் உள்ளங்காலில் தெரிந்தது. மறக்கமுடியாத இரவு. ஆனால் அதை இந்த விவாதத்துக்கான விடையாக எழுதமாட்டேன். அது வாய்ப்பு. கேட்டவர் கேட்டது அன்றாடத்தை. பல மைல் நடந்து காணும் அற்புதத்தை முன்னால் வைத்தால் குழாயடிக்காரிக்கு அது எந்த வகையிலும் உதவாது.

குறிப்பு: 11 மே

கத்திரி தொடங்கிவிட்டது. இந்த மாதத்தில் சென்னையில் ஒரு நேரம் உண்டு, அதை எழுதாமல் இருக்கமுடியவில்லை.

பகல் பதினோரு மணிக்கு மேல் காற்று நின்றுவிடும், அல்லது மேற்கிலிருந்து அனலாக வரும். மாடி வீட்டில் சுவரைத் தொடமுடியாது. மின்விசிறி சூட்டையே சுழற்றும். நிலம் விரைவாகக் காய்கிறது, கடல் மெதுவாகக் காய்கிறது. நிலத்தின் மேலுள்ள காற்று சூடேறி எழும்பியதும் கடல் பக்கத்துக் குளிர்ந்த காற்று அந்த இடத்துக்கு வந்து சேர்கிறது. மேலைக்காற்று வலுவாக வீசும் நாளில் அது உள்ளே வரமுடியாமல் தாமதப்படும், அந்த நாள்களில்தான் வெயில் தாங்கமுடியாமல் ஏறும். நுங்கம்பாக்கத்தில் பதிவான உச்சம் 2003 மே 31-ஆம் நாளின் 45 டிகிரி.

மயிலாப்பூரில் ஒரு மணிக்கும் இரண்டு மணிக்கும் இடையில் பெரும்பாலும் அது வந்துவிடும். விடுமுறை நாளில் கவனித்துப் பாருங்கள். முதலில் கிழக்குச் சன்னலின் திரை உள்பக்கமாக இலேசாக உப்பும், பிறகு அடங்கும். காலண்டரின் தாள் ஒருமுறை புரளும். சற்றுப் பொறுத்து மறுபடி திரை உப்பி, இந்த முறை இறங்காமல் நிற்கும். முதுகில் வேர்வை குளிர்வதை உடல் உணர்ந்த பிறகுதான் "கடல்காற்று வந்துவிட்டது" என்று வாய் சொல்லும். எங்கள் சந்தில் அந்த நேரத்தில் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறக்கும் ஓசையை மாடியிலிருந்து கேட்கலாம். இஸ்திரி வண்டிக்காரர் கரிப்பெட்டியைக் கீழே வைத்துவிட்டுத் துண்டால் கழுத்தைத் துடைத்தபடி கிழக்கே திரும்பி நிற்பார். அவர் அனலுக்கு நடுவே நாள் முழுவதும் நிற்பவர். அந்தக் காற்று எனக்கு எவ்வளவோ அதைவிடப் பல மடங்கு அவருக்கு.

கடலை விட்டுத் தள்ளிப் போகப் போகக் காற்று பிந்தும், மீனம்பாக்கத்துக்கு எங்களுக்குப் பிறகே போகும். பெரம்பூருக்கும் சற்றுத் தாமதமாகத்தான் வரும், ஆனால் வரும். கிழக்கே உயர்ந்த கட்டடம் எழுந்து மறைத்துவிட்ட வீடுகளில் அதுவும் கிடைப்பதில்லை என்பதையும் குறிக்க வேண்டும். எங்கள் சந்திலேயே பின்வரிசை வீடுகள் சிலவற்றுக்கு இப்போது கடல்காற்று வருவதில்லை.

குறிப்பு: 19 மே

"மனம் இருந்தால் எங்கும் அழகைக் காணலாம், சூழ்நிலையைக் குறை சொல்லக்கூடாது" என்று ஒருவர் எழுதியிருப்பதை நான் ஏற்கவில்லை. இந்த விவாதத்தில் இதுவரை எழுதிய ஒவ்வொன்றிலும் மனத்துக்கு வெளியே ஒரு பொருள் தேவைப்பட்டிருக்கிறது. குடத்துக்குத் தண்ணீர் வேண்டும், திரைக்குக் காற்று வேண்டும், கோலத்துக்கு வாசல் வேண்டும், பாலத்தைக் கடக்கும்போது சன்னலோரத்தில் நிற்கவாவது இடம் வேண்டும்.

2016 திசம்பர் 12-இல் வர்தா புயல் அடித்து ஆயிரக்கணக்கான மரங்கள் வீழ்ந்தன. எங்கள் சந்து முனையில் இருந்த தூங்குமூஞ்சி மரமும் அன்று போயிற்று. அதன் கீழே பூக்காரம்மா உட்கார்ந்திருந்தார். நண்பகலில் கோயில் நடை சாத்தியிருக்கும் நேரத்தில் வாடிக்கை இல்லாததால், மல்லிகையை ஈரத் துணியால் மூடிவிட்டு மரத்தில் சாய்ந்துகொள்வார். அந்த ஒன்றிரண்டு மணி நேரம் அவருடையது. மரம் போன பிறகு வெயிலுக்கு ஒதுங்கக் கடைப் படிகளை நாட வேண்டியிருந்தது. அங்கே உட்கார்ந்தால் "எழுந்திரும்மா, வழியை விடு" என்பார்கள். பூக்காரம்மாவின் மனம் அதே மனம்தான், மரம்தான் இல்லை. நிழலும் திண்ணையும் மரமும் பொதுக் குழாயும் அழகைப் பற்றிய பேச்சுக்கு உட்பட்டவை என்றே நான் கருதுகிறேன். அவற்றை வெட்டியும் இடித்தும் எடுத்துவிட்ட பிறகு, மனத்தைச் சரிசெய்துகொள் என்று சொல்வது கொடுமை.

குறிப்பு: 8 சூன்

கேட்டவரிடமிருந்து நீண்ட பதில் வந்திருக்கிறது. பாலத்தை இப்போது பார்ப்பதாகவும், ஆனால் சில நொடிகள் போதவில்லை, உட்கார ஓர் இடம் வேண்டும், தனியாகப் போகும் பெண்ணுக்கு அப்படி இடம் உண்டா என்றும் கேட்கிறார்.

கடற்கரையில் தனியாக உட்கார்ந்தால் சிறிது நேரத்தில் யாராவது வந்து, யாருக்காகக் காத்திருக்கிறீர்கள் என்று விசாரிப்பார்கள். சுண்டல் விற்கும் பையன் கேட்பதில் தவறில்லை, மற்றவர்களுக்குச் சொல்லும் பதில் எரிச்சலூட்டும். குளக்கரைப் படிகளில் விழாக் காலம் தவிர்த்த மாலைகளில் உட்காரலாம், அங்கே வயதான பெண்கள் துணையாக இருப்பார்கள். நான் நம்பிச் சொல்லக்கூடியவை நூலகங்கள். எழும்பூரில் 1896-இல் திறந்த கன்னிமாரா இருக்கிறது. உங்கள் ரயில் பாதையிலேயே, கோட்டூர்புரத்தில் 2010-இல் திறந்த அண்ணா நூற்றாண்டு நூலகம் இருக்கிறது. அங்கே சொந்தப் புத்தகத்தைக் கொண்டுபோய்ப் படிப்பதற்கென்றே ஒரு பகுதி உண்டு. படிக்காமல் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாலும் யாரும் கேட்பதில்லை. நான் அப்படி உட்கார்ந்திருக்கிறேன்.

வீட்டைப் பற்றியும் ஒன்று. அம்மா சொன்னதைக் கேட்ட பிறகு, எங்கள் வீட்டில் மாலை ஆறிலிருந்து ஆறரை வரை என்னை யாரும் கூப்பிடுவதில்லை என்று பேசி முடிவு செய்தோம். என் கணவருக்கு அதேபோல் இரவில் அரை மணி. பொதுத்தேர்வு எழுதும் ஆண்டில் இருக்கும் மகளுக்கு விடியற்காலை. முதல் வாரம் எல்லோரும் மறந்து மறந்து கூப்பிட்டார்கள், இப்போது பரவாயில்லை.

இதை எழுதும்போது உங்கள் மாமியாரின் ஆறு மணித் தொலைக்காட்சி நினைவுக்கு வருகிறது. ஐந்து பேர் இருக்கும் வீட்டில் அவரை யாரும் எதற்கும் கூப்பிடாத நேரம் ஒருவேளை அதுவாக இருக்கலாம். ஒலியைக் குறைக்கச் சொல்வதற்கு முன்னால், அவர் அந்த நேரத்தில் எதைப் பார்க்கிறார், வேறு எப்போதாவது தனியாக உட்கார விரும்புகிறாரா என்று ஒருமுறை கேட்டுப் பாருங்கள். காதில் மாட்டும் கருவி ஒன்றை வாங்கிக் கொடுத்தால் இருவருக்கும் உதவக்கூடும், எங்கள் எதிர்வீட்டில் அப்படித்தான் தீர்த்தார்கள். அவர் என்ன சொன்னார் என்று இங்கே எழுதுங்கள்.